போலந்துப் பள்ளிகள், 1989க்குப் பின்: கேள்விகளும் பதில்களும்

போலந்தில் நெடுங்காலம் வாழ்ந்து, அந்நாட்டுப் பள்ளிக் கல்வியின் வரலாற்றைப் படித்துவருபவன் என்ற முறையில், எனக்கு வந்த கேள்விகளுக்கு இங்கே விடையளிக்கிறேன். கல்லூரிச் சேர்க்கை, விசா, கட்டணம் பற்றிக் கேட்க வேண்டாம். அவை என் துறையல்ல.

திருச்சியிலிருந்து ஒரு கல்லூரி மாணவி: 1989இல் கம்யூனிஸ்ட் ஆட்சி மாறியதும் பள்ளிகளில் முதலில் மாறியது எது?

மொழியும் வரலாறும். ஐந்தாம் வகுப்பிலிருந்து கட்டாயமாக இருந்த ரஷ்ய மொழிப் பாடம் 1989இலேயே அந்தக் கட்டாயத்தை இழந்தது. ஆங்கிலமும் ஜெர்மனும் கற்பிக்க ஆள் போதாததால் 1990இல் மூன்றாண்டு மொழியாசிரியர் கல்லூரிகளைத் திறந்தார்கள். ரஷ்ய ஆசிரியர்கள் பலர் நடுவயதில் மீண்டும் மாணவர்களாக அமர்ந்தார்கள்.

வரலாற்றில் நேர்ந்த மாற்றம் இன்னும் ஆழமானது. 1940இல் சோவியத் ஒன்றியத்தின் காத்தின் என்ற காட்டுப் பகுதியிலும் வேறு இடங்களிலும் ஏறத்தாழ 22,000 போலந்துக் கைதிகளைச் சோவியத் காவல் துறை சுட்டுக் கொன்றது. அதைச் செய்தவர்கள் ஜெர்மானியர்கள் என்பதுதான் அரை நூற்றாண்டு காலம் அதிகாரபூர்வமான கூற்று. மாஸ்கோ உண்மையை ஒப்புக்கொண்டது 1990 ஏப்ரலில்தான். நான் குடியிருந்த வீட்டின் உரிமையாளரான மூதாட்டி ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை. அவர் பயன்படுத்திய பழைய பாடநூலை ஒருநாள் எடுத்துக் காட்டினார். போர்க்காலப் பாடத்தின் ஓரிடத்தில் பென்சிலால் சிறு கோடு போட்டிருந்தது. "இந்த இடம் வந்ததும் புத்தகத்தை மூடிவிட்டு ஜன்னலோரம் போய் நின்றுவிடுவேன், பிள்ளைகளுக்குப் பாட்டிமார் சொன்ன கதை தெரியும், அவர்களும் பேசமாட்டார்கள்" என்றார். பாடநூலை மாற்ற இரண்டு ஆண்டுகள் போதும். அந்த மௌனத்துக்குப் பழகிய வகுப்பறையை மாற்ற அதைவிட அதிக காலம் ஆகிறது.

மதக் கல்வியும் 1990 ஆகஸ்டிலேயே அமைச்சகத்தின் ஓர் அறிவுறுத்தல் மூலம் பள்ளிக்குள் திரும்பியது. நாடாளுமன்ற விவாதமின்றி அவ்வாறு செய்தது தவறு என்பது என் கருத்து.

ஈரோட்டிலிருந்து ஓர் அரசுப் பள்ளி ஆசிரியர்: பதினைந்து வயது மாணவர்களுக்கான சர்வதேசத் தேர்வான பைசாவில் (PISA) போலந்து உயர்ந்ததற்கு ஒரே காரணம் சொல்ல முடியுமா ஐயா?

முடியாது, ஒரே காரணத்தைத் தேடுவதே இந்தப் பொருளில் நிகழும் முதல் பிழை. இருந்தாலும் உங்கள் கேள்வி முக்கியமானது என்பதால் விரிவாகச் சொல்கிறேன்.

1999 வரை பிள்ளைகள் எட்டாண்டுத் தொடக்கப் பள்ளியை முடித்ததும், பதினைந்து வயதில், மூன்று வழிகளில் பிரிக்கப்பட்டார்கள்: பல்கலைக்கழகத்துக்கு இட்டுச்செல்லும் 'லிசேயும்' என்ற பள்ளி, 'டெக்னிகும்' என்ற தொழில்நுட்பப் பள்ளி, தொழிற்சாலைக்கு ஆள் தரும் அடிப்படைத் தொழிற்பள்ளி. பிரதமர் பூசெக்கின் அரசில் கல்வி அமைச்சராக இருந்த மிரோஸ்வாவ் ஹண்ட்கே, 1999 செப்டம்பரில் தொடக்கப் பள்ளியை ஆறாண்டாகக் குறைத்து, எல்லாருக்கும் பொதுவான மூன்றாண்டு கிம்னாசியத்தை நடுவில் வைத்தார். பிரிப்பு ஓராண்டு தள்ளிப்போனது. தொழிற்பள்ளிக்குப் போயிருக்கக்கூடிய பிள்ளை, மற்றவர்களோடு ஒரே பாடத்தை இன்னும் ஓராண்டு படித்தது. அதோடு புதிய பாடத்திட்டம் வந்தது; பாடநூலைத் தேர்ந்தெடுக்கும் உரிமை ஆசிரியருக்கு விரிந்தது; 2002இலிருந்து வெளித்தேர்வும் வந்தது.

பைசாவின் வாசிப்புத் தேர்வில் 2000இல் 479 புள்ளிகள் பெற்ற நாடு 2012இல் 518 பெற்றது. ஆனால் 2000இல் தேர்வெழுதியவர்கள் பழைய முறையில் ஏற்கெனவே பிரிக்கப்பட்டிருந்த பிள்ளைகள், பின்னர் எழுதியவர்கள் இன்னும் பிரிக்கப்படாத பிள்ளைகள். உயர்வின் பெரும் பங்கு கீழ்த்தட்டு மாணவர்களிடமிருந்துதான் வந்தது. பதினாறு வயதில் அவர்கள் தொழிற்பள்ளிக்குச் சென்றபின் அந்த முன்னேற்றம் பெரிதும் கரைந்ததையும் ஆய்வாளர்கள் கண்டார்கள். ஆகவே சராசரி எண்ணை மட்டும் பார்த்துவிட்டு முடிவுக்கு வராதீர்கள். யாருடைய எண் எந்த வயதில் உயர்ந்தது என்று கேளுங்கள்.

சென்னையிலிருந்து ஒருவர்: போலந்தில் முதுகலை படிக்க எவ்வளவு செலவாகும்?

இது என் துறையல்ல என்று தொடக்கத்திலேயே சொல்லியிருக்கிறேன்.

மதுரையிலிருந்து ஒரு தொழிற்சங்கத் தோழர்: சோஷலிச ஆட்சியில் எல்லாருக்கும் சமமான கல்வி கிடைத்தது; முதலாளித்துவம்தான் அதைக் கெடுத்தது. இதை ஏன் சொல்ல மறுக்கிறீர்கள்?

மறுக்கவில்லை தோழர்; பாதியை ஏற்கிறேன். 1949இல் எழுத்தறிவின்மைக்கு எதிராகச் சட்டம் இயற்றிச் சில ஆண்டுகளில் பெரும் வெற்றி கண்டது அந்த ஆட்சி. நாட்டின் ஆயிரமாண்டு நிறைவையொட்டி 1,400க்கும் மேற்பட்ட பள்ளிகளைக் கட்டியதும் அதுவே. அந்தக் கட்டடங்களில் இன்றும் வகுப்புகள் நடக்கின்றன. ஆனால் பதினைந்து வயதுப் பிரிப்பில் யார் எங்கே போனார்கள் என்று பாருங்கள். படித்த பெற்றோரின் பிள்ளைகள் 'லிசேயும்' பக்கமும், தொழிலாளர், உழவர் பிள்ளைகள் தொழிற்பள்ளிப் பக்கமும் நடந்தார்கள். பல்கலைக்கழக நுழைவில் அவர்களுக்குக் கூடுதல் மதிப்பெண் தரவேண்டிய நிலை அரசுக்கு ஏற்பட்டதே சமத்துவம் கிட்டவில்லை என்பதற்குச் சான்று.

அதே தோழர்: தொழிற்பள்ளி முடித்தவனுக்கு வேலை நிச்சயம். 1989க்குப் பின் அந்த வேலை எங்கே போனது?

இந்தக் கேள்விக்கு நான் தலைவணங்குகிறேன். தொழிற்பள்ளிகள் பல அரசுத் தொழிற்சாலைகளோடு பிணைந்திருந்தன. ஆலை மூடியபோது பயிற்சிக்கூடமும் பள்ளியின் பொருளும் சேர்ந்தே போயின. அரசுப் பண்ணைகளின் கதை இன்னும் கொடியது. 1991 சட்டத்தின் கீழ் இரண்டே ஆண்டுகளில் அவை கலைக்கப்பட்டன. அந்தக் குடியிருப்புகளில் குழந்தைகள் காப்பகம், பேருந்து, மன்றம் எல்லாம் பண்ணையின் சொத்துகள். பண்ணை போனதும் எல்லாம் ஒரே அடியில் போயின. 2002இல் நாட்டின் வேலையின்மை 20 விழுக்காட்டைத் தொட்டபோது மிக அதிகமாக அடிபட்டவர்களில் இந்தக் குடும்பங்களும் அடங்கும். பள்ளிச் சீர்திருத்தம் வகுத்தவர்கள் இவர்களை எண்ணிப் பார்க்கப் பத்தாண்டு எடுத்துக்கொண்டது மன்னிக்கத்தக்கதல்ல.

கோவையிலிருந்து ஒரு தொழில்முனைவோர்: தோழர் பேசுவது பழங்கதை. சந்தைதானே தனியார் பல்கலைக்கழகங்களைக் கொண்டுவந்து எல்லாரையும் படிக்கவைத்தது?

1990இல் ஏறத்தாழ 4 லட்சமாக இருந்த உயர்கல்வி மாணவர் எண்ணிக்கை 2005இல் 19 லட்சத்தைத் தாண்டியது உண்மைதான். ஆனால் அரசுப் பல்கலைக்கழகத்தின் இலவசப் பகல்நேர இடங்களைப் பெரும்பாலும் வசதியான நகரப் பிள்ளைகள் பெற்றார்கள். சிறு நகரப் பிள்ளைகளோ வார இறுதி வகுப்புகளுக்கும் தனியார் கல்லூரிகளுக்கும் கட்டணம் செலுத்தினார்கள். இங்கும் சராசரி எண் ஏமாற்றுகிறது. இந்த வாதத்தை இருவரும் இத்துடன் நிறுத்திக்கொள்ள வேண்டுகிறேன், மற்றவர்கள் காத்திருக்கிறார்கள்.

சேலத்திலிருந்து ஒருவர்: போலந்து பின்லாந்து முறையைப் பின்பற்றியதால்தானே பைசாவில் உயர்ந்தது?

இல்லை. ஈரோட்டு ஆசிரியருக்கு எழுதிய பதிலைப் படியுங்கள்.

தஞ்சாவூரிலிருந்து ஒரு தலைமையாசிரியை: கிராமப் பள்ளிகள் மூடப்பட்டனவா?

ஏராளமாக மூடப்பட்டன அம்மா. 1990இல் உள்ளாட்சித் தேர்தல் வந்தது. 1996க்குள் தொடக்கப் பள்ளிகள் அனைத்தும் கிமினா எனப்படும் உள்ளாட்சிகளின் பொறுப்புக்கு வந்தன. மத்திய அரசின் மானியம் மாணவர் எண்ணிக்கையைச் சார்ந்தது. 1983இல் 7 லட்சத்துக்கும் மேல் இருந்த ஆண்டுப் பிறப்பு எண்ணிக்கை 2003இல் ஏறத்தாழ 3.5 லட்சமாகக் குறைந்துவிட்டது. முப்பது பிள்ளைகள் உள்ள பள்ளியை நடத்த முடியாமல் உள்ளாட்சி தவித்தபோது, பல ஊர்களில் பெற்றோரே சங்கம் அமைத்துப் பள்ளியை ஏற்று நடத்தினார்கள்.

தூரத்துப் பிள்ளைகளுக்காக அரசு 'கிம்புஸ்' என்ற ஆரஞ்சு நிறப் பேருந்துகளை விட்டது. வடகிழக்கே மசூரிப் பகுதியில் ஒரு ஜனவரிக் காலை, விடியாத இருட்டில், கலைக்கப்பட்ட பண்ணைக் குடியிருப்பின் முன்னே ஐந்து பிள்ளைகள் பனியில் நின்று அந்தப் பேருந்துக்குக் காத்திருந்ததைப் பார்த்திருக்கிறேன். கடைசியாக ஏறிய சிறுவன் பலகையில் பூட்ஸைத் தட்டிப் பனியை உதறிவிட்டே உள்ளே போனான்.

சென்னையிலிருந்து மற்றொருவர்: உதவித்தொகையோடு சேர வழி உண்டா?

பல்கலைக்கழகங்களின் சேர்க்கை அலுவலகங்களைக் கேளுங்கள். இனி இத்தகைய கேள்விகளுக்கு விடையளிக்க மாட்டேன்.

புதுச்சேரியிலிருந்து ஓர் ஆய்வு மாணவர்: நன்றாக நடந்த கிம்னாசியத்தை 2017இல் ஏன் ஒழித்தார்கள்?

பதின்மூன்று வயதுப் பிள்ளைகளைப் புதிய கட்டடத்தில் ஒன்றாகச் சேர்த்ததால் ஒழுங்கு கெட்டது என்ற எண்ணம் பெற்றோரிடம் வேரூன்றியிருந்தது. சட்டம் மற்றும் நீதிக் கட்சி கிம்னாசிய ஒழிப்பைத் தேர்தல் வாக்குறுதியாக்கியது. அமைச்சர் அன்னா ஸலேவ்ஸ்கா பழைய எட்டாண்டுப் பள்ளிக்கே திரும்பினார். 2019 ஏப்ரலில் ஆசிரியர்கள் ஊதியம் கேட்டு ஏறத்தாழ மூன்று வாரம் வேலைநிறுத்தம் செய்தார்கள். அதே இலையுதிர் காலத்தில் கிம்னாசியத்தின் கடைசி அணியும் எட்டாம் வகுப்பின் முதல் அணியும், மொத்தம் 7 லட்சத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகள், ஒரே நேரத்தில் மேல்நிலைப் பள்ளிகளின் வாசலில் நின்றார்கள். குறையைத் திருத்துவதற்குப் பதில் கட்டமைப்பையே இடித்தது பெரும் பிழை என்று உறுதியாக நம்புகிறேன்.

அதே மாணவர்: அந்தப் பேருந்துகள் என்ன ஆயின?

பள்ளியின் பெயர்தான் மாறியது. தூரத்துப் பிள்ளைகளை ஏற்றிச்செல்லும் கடமை உள்ளாட்சிகளிடமே இருக்கிறது. பெயர்ப்பலகை மாறிய பள்ளிகளுக்கும் கிராமத்துப் பிள்ளைகள் இருட்டில் எழுந்து பேருந்தில்தான் போகிறார்கள்.