ஸ்லோ குக்கரில் இத்தாலியக் கோழி சாசேஜ் ஸ்டூ: நீர்த்துப் போவது ஏன்?

வாசகி கேள்வி: மலேசியாவின் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டில் வசிக்கிறோம். தொழிற்சாலை வேலைக்குக் காலை 6 மணிக்குக் கிளம்பினால் வீடு திரும்ப மாலை 6.30 ஆகிவிடுகிறது. புதிதாக வாங்கிய 3.5 லிட்டர் ஸ்லோ குக்கரில் இத்தாலியக் கோழி சாசேஜ் ஸ்டூ செய்து பார்த்தேன். குழம்பு ரசம் போல் நீர்த்து, நெஞ்சுக்கறி நாராகி, தக்காளிப் புளிப்பு மட்டும் தூக்கலாக இருந்தது. கடையில் வாங்கிய கோழி ஃபிராங்க்ஃபர்ட்டர் ஊதிப் போய்ச் சப்பென்று கிடந்தது. எங்கள் வீட்டில் மாடும் பன்றியும் சாப்பிடுவதில்லை. எந்த சாசேஜ் பொருந்தும்? உறைந்த கோழியை அப்படியே போட்டுவிட்டு, டைமர் வைத்து வேலைக்குப் போகலாமா?

பதில்: உங்கள் கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன்: இரண்டுமே கூடாது. ஸ்லோ குக்கர் மெல்ல மெல்லத்தான் சூடேறும் என்பதால், உறைந்த கோழி உள்ளே இருந்தால் கிருமிகள் வேகமாகப் பெருகும் 5 முதல் 60 டிகிரி செல்சியஸ் வரையிலான வெப்பநிலையைக் கடக்க அது பல மணி நேரம் எடுத்துக்கொள்ளும். டைமர் வைத்துத் தாமதமாகத் தொடங்குவதும் இதே ஆபத்துதான். நம் ஊர்ச் சமையலறையின் 30 டிகிரி வெப்பத்தில் பச்சைக் கோழி நண்பகல் வரை காத்துக்கிடக்கக் கூடாது. உறைந்த பொட்டலத்தை முதல் நாளே குளிர்பதனப் பெட்டியின் கீழ்த்தட்டில், கசியும் நீர் மற்ற உணவில் படாதபடி ஒரு பாத்திரத்தில் வைத்து, முழுவதும் உருகிய பிறகே சமைக்க எடுங்கள்.

இனி ருசிக்கு வருவோம். ஸ்லோ குக்கர், மூடிய பானைக்குள் இருப்பதைக் கொதிநிலைக்குச் சற்றுக் கீழே நீண்ட நேரம் வைத்திருக்கும் கருவி. கறியைச் சிவக்க வறுக்கவும் அதற்குத் தெரியாது, குழம்பை வற்றவைக்கவும் தெரியாது. அடுப்பில் குழம்பு வைக்கும்போது இவ்விரண்டும் தாளிப்பிலும் கொதியிலும் தாமாகவே நடந்துவிடுவதால், அவை தனி வேலைகள் என்பதே நமக்குத் தோன்றுவதில்லை. ஸ்லோ குக்கரிலோ கோழியும் தக்காளியும் விடும் நீர் ஆவியாகி, மூடியில் பட்டுத் திரும்பவும் உள்ளேயே சொட்டுகிறது. நீங்கள் ஊற்றிய தண்ணீரும் அதனோடு சேர்ந்துகொண்டது. ஆகவே வறுப்பதைத் தொடக்கத்திலும் வற்றவைப்பதை முடிவிலும் அடுப்பில் செய்துகொண்டு, இடைப்பட்ட வேலையை மட்டும் இந்தக் கருவியிடம் விட வேண்டும்.

சாசேஜ் விஷயத்தில் தவறு உங்களுடையது அன்று. ஸ்லோ குக்கர் அமெரிக்கச் சமையலறைகளில் பரவியது 1971-இல் ரைவல் நிறுவனம் கிராக் பாட் என்ற பெயரில் அதை விற்கத் தொடங்கிய பிறகுதான். இந்த ஸ்டூவும் இத்தாலியின் வேட்டைக்காரர் கோழி எனப்படும் கச்சியாத்தோராவின் சாயலில் அமெரிக்க வீடுகளில் வளர்ந்த சமையல்தான். அங்கே இத்தாலியன் சாசேஜ் என்று விற்கப்படுவது சோம்பும் பூண்டும் மிளகாயும் சேர்த்துக் கொரகொரப்பாக அரைத்த பச்சைப் பன்றி இறைச்சி. குழம்பின் மணத்தில் பாதி அந்தச் சோம்பிலிருந்தும் கொழுப்பிலிருந்தும் வருகிறது. நம் கடைகளின் உறைபெட்டியில் கிடைக்கும் கோழி ஃபிராங்க்ஃபர்ட்டரோ மாவாக அரைத்து, மாச்சத்து சேர்த்து, முன்பே வேகவைத்த பண்டம். அது குழம்புக்கு ஒன்றும் கொடுக்காது. நீண்ட நேரம் கிடந்தால் ஊறி ஊதத்தான் செய்யும்.

எனவே சாசேஜை வீட்டிலேயே செய்துவிடுங்கள் என்பதே என் பரிந்துரை. உறை தேவையில்லை, இயந்திரமும் தேவையில்லை. தோல் நீக்காத கோழித் தொடைக்கறி 300 கிராமைக் கொத்திக் கொடுக்கச் சொல்லுங்கள். நெஞ்சுக்கறியில் கொழுப்பு போதாது. லேசாக வறுத்து ஒன்றிரண்டாக இடித்த சோம்பு ஒரு தேக்கரண்டி, நசுக்கிய பூண்டு இரண்டு பல், காய்ந்த மிளகாய்த் துகள் அரைத் தேக்கரண்டி, கொஞ்சம் மிளகுத்தூள், முக்கால் தேக்கரண்டி உப்பு ஆகியவற்றை அதில் சேர்த்து, கறி குளிர்ச்சியாக இருக்கும்போதே ஒரே திசையில் அழுத்திப் பிசையுங்கள். முதலில் உதிரியாக இருக்கும் கறி, உப்பு அதன் புரதத்தைக் கரைக்கத் தொடங்கியதும் மெல்ல மெல்லப் பசையாக மாறும். ஓர் உருண்டையை உள்ளங்கையில் ஒட்டிக் கையைக் கவிழ்த்தால் விழாமல் நிற்க வேண்டும், அதுவே பதம். அந்தப் பதம் வராத உருண்டை குழம்பில் உடைந்து தூளாகிவிடும். அரை மணி நேரம் குளிரவைத்து, விரல் நீள உருளைகளாகவோ எலுமிச்சை அளவு உருண்டைகளாகவோ பிடித்து, வாணலியில் எல்லாப் பக்கமும் சிவக்கவிட்டு எடுங்கள். உள்ளே வேகாவிட்டால் பரவாயில்லை, மீதியைக் குக்கர் பார்த்துக்கொள்ளும். ஆனால் சிவந்த உடனே குக்கருக்குள் போக வேண்டும், பாதி வெந்ததை எடுத்து வைக்கக் கூடாது.

அதற்கு நேரமே இல்லாத நாளில் கடைச் சாசேஜையே பயன்படுத்தலாம். சாய்வாக வெட்டி எண்ணெயில் சிவக்க வதக்கி, பரிமாறுவதற்குச் சற்று முன் குழம்பில் சேருங்கள். உறையுள்ள சாசேஜ் வாங்கும்போது பொட்டலத்தின் பின்புறத்தைப் படித்துவிடுங்கள். கொலாஜன் என்ற புரதத்தால் ஆன, உண்ணத்தக்க உறைகள் பெரும்பாலும் மாட்டுத் தோலிலிருந்தே செய்யப்படுகின்றன. கோழி சாசேஜ் என்று முன்பக்கம் எழுதியிருப்பதும் ஹலால் முத்திரையும் மாட்டை விலக்கிய நம் வீடுகளுக்குப் போதுமான உத்தரவாதம் ஆகா. உறையில்லாத வகையே உங்களுக்கு நல்லது.

கோழியைப் பொறுத்தவரை, எலும்போடு கூடிய தொடை 800 கிராம் எடுத்துத் தோலை மட்டும் உரித்துவிடுங்கள். தொடையில் இணைப்புத் திசு அதிகம். அதிலுள்ள கொலாஜன் 70 டிகிரிக்கு மேல் நீண்ட நேரம் வேகும்போது இளகி ஜெலட்டினாக மாறி, கறியை மென்மையாக வைத்துக் குழம்புக்கும் கெட்டித்தன்மை கொடுக்கிறது. நெஞ்சுக்கறியில் அப்படி இளகுவதற்கு ஒன்றுமில்லாததால் நேரம் கூடக் கூட நார்தான் மிஞ்சும். நாட்டுக்கோழி கிடைத்தால் இன்னும் ஒன்றிரண்டு மணி நேரம் கூடுதலாகப் பிடிக்கும், ருசியும் கூடும்.

சாசேஜ் வறுத்த அதே வாணலியில் கோழித் துண்டுகளையும் இரு புறமும் சிவக்கவிட்டு எடுத்துவிட்டு, மெல்லியதாக அரிந்த இரண்டு பெரிய வெங்காயத்தைப் பொன்னிறம் தாண்டும் வரை பொறுமையாக வதக்குங்கள். உங்கள் ஸ்டூவின் புளிப்பை அடக்கப் போவது இந்த வெங்காயத்தின் இனிப்பே. ஆறு பல் பூண்டும், பிறகு இரண்டு மேசைக்கரண்டி தக்காளி பேஸ்டும் சேர்த்து, நாம் குழம்புக்குச் செய்வது போலவே எண்ணெய் பிரிந்து நிறம் செங்கல் சிவப்பாக மாறும் வரை கிளறுங்கள். பேஸ்ட் என்பது வேறு, பாட்டில் தக்காளி சாஸ் வேறு. சாஸில் சர்க்கரையும் வினிகரும் இருப்பதால் அது இங்கே உதவாது. கடைசியில் 100 மில்லி கோழிச்சாறு ஊற்றி, வாணலியின் அடியில் ஒட்டியிருக்கும் பழுப்பைச் சுரண்டிக் கரைத்துவிடுங்கள். பழைய குறிப்புகளில் இந்த இடத்தில் வைன் ஊற்றுவார்கள். அது இல்லாமலும் ஸ்டூ நன்றாகவே வரும்.

தக்காளிக்கு 400 கிராம் டின் ஒன்று போதும். கேமரன் மலைத் தக்காளிதான் வேண்டும் என்றால், நன்கு பழுத்ததை அரிந்து வாணலியிலேயே நீர் வற்றும் வரை வதக்கிச் சேருங்கள். பெருவெட்டாக அரிந்த இரண்டு உருளைக்கிழங்கையும் ஒரு கேரட்டையும் பானையின் அடியில் பரப்ப வேண்டும். ஸ்லோ குக்கரில் கறியைவிடக் கிழங்கு தாமதமாக வேகும், தக்காளியின் அமிலம் அதை இன்னும் தாமதப்படுத்தும். அதன் மேல் கோழி, சாசேஜ், வதக்கியது, தக்காளி என்று அடுக்கி, காய்ந்த ஆரிகானோ ஒரு தேக்கரண்டி தூவுங்கள். ஆரிகானோ கிடைக்காவிட்டால் வீட்டுப் பின்புறத்துக் கற்பூரவள்ளியில் இரண்டு இலை நறுக்கிப் போடலாம். இரண்டின் மணத்துக்கும் அடிப்படையான எண்ணெய்ப் பொருள்கள் ஒன்றே. அதற்கு மேல் போட்டால் சளிக்குக் கொடுக்கும் கஷாயம் ஆகிவிடும். கறித்தூள் சேர்க்கலாமா என்று கேட்பவர்களும் உண்டு. சேர்த்தால் நல்ல கோழிக் குழம்பு கிடைக்கும். அதற்கு ஏழு மணி நேரம் காத்திருக்க வேண்டியதில்லை. பானையில் பாதிக்கு மேல், முக்காலுக்குக் கீழ் நிரம்பியிருப்பது சரியான அளவு. வேறு தண்ணீர் ஊற்றாதீர்கள். இடையில் மூடியைத் திறக்காதீர்கள். ஒவ்வொரு முறையும் இழந்த சூட்டை மீட்க அதற்குக் கால் மணி நேரத்துக்கு மேல் பிடிக்கும்.

பீன்ஸ் சேர்ப்பதானால் டின்னில் வரும் வெள்ளை பீன்ஸ் நல்லது. காலை உணவுக்கு நாம் வாங்கும் பேக்ட் பீன்ஸ் அன்று. அதில் இனிப்புச் சாறு இருக்கிறது. வேகவைத்த கொண்டைக்கடலையும் பொருத்தமாக இருக்கும். ஆனால் காய்ந்த சிவப்பு கிட்னி பீன்ஸை ஊறவைத்து நேரே ஸ்லோ குக்கரில் போடுவது மட்டும் வேண்டவே வேண்டாம். அதிலுள்ள லெக்டின் என்ற நச்சுப்புரதம் நன்றாகக் கொதித்தால்தான் அழியும். குறைந்த சூட்டில் அழியாமல் கடுமையான வாந்தியையும் வயிற்றுப்போக்கையும் உண்டாக்கும். ஊறிய நீரைக் கொட்டிவிட்டு, புது நீரில் அரை மணி நேரம் அடுப்பில் தளதளவென்று கொதிக்கவிட்ட பிறகே அதைச் சேர்க்கலாம்.

இப்போது உங்கள் வேலை நேரம். பன்னிரண்டரை மணி நேரம் எந்தக் கோழிக்கும் அதிகம். லோ நிலையில் இந்த அளவுக்கு 6 முதல் 7 மணி நேரமும், ஹை நிலையில் 3 முதல் 4 மணி நேரமும் போதும். பல குக்கர்களில் இரண்டு நிலைகளும் கடைசியில் ஏறத்தாழ ஒரே சூட்டைத்தான் எட்டுகின்றன. எட்டும் வேகம்தான் வேறு. ஆகவே நீங்கள் பகலை விட்டுவிட்டு இரவைப் பயன்படுத்துவதே சிறந்தது. இரவு 9.30 மணிக்கு லோவில் வைத்தால் விடியற்காலை 4.30 மணிக்குத் தயாராகிவிடும். எழுந்ததும் அகலமான, ஆழமில்லாத பாத்திரத்தில் கொட்டி ஆறவிட்டு, கிளம்பும் முன் குளிர்பதனப் பெட்டியில் வைத்துவிடுங்கள். வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருக்கக் கூடாது. மாலையில் வந்ததும் மேலே உறைந்திருக்கும் கொழுப்பை வழித்துவிட்டு, அகன்ற வாணலியில் மூடாமல் பத்து நிமிடம் கொதிக்கவிடுங்கள். சூடாக்குவதும் வற்றவைப்பதும் ஒரே வேலையாக முடிந்துவிடும். கொஞ்சம் பீன்ஸையோ உருளைக்கிழங்கையோ கரண்டியால் மசித்துவிட்டால் இன்னும் கெட்டியாகும். உப்பை அப்போது சரிபாருங்கள். முன்பே போட்டால் வற்றும்போது கரித்துவிடும். ஸ்லோ குக்கரிலேயே மறுபடி சூடாக்க முயல வேண்டாம். குளிர்ந்த பீங்கான் பானை விரிசல் விடலாம், உணவும் சூடேறத் தாமதமாகும்.

விடுமுறை நாளில் பகலிலேயே வைத்தால் மின்தடையையும் நினைவில் வையுங்கள். பேராக்கில் பிற்பகல் இடிமழைக்குப் பஞ்சமில்லை. நீங்கள் வீட்டில் இருக்கும்போது மின்சாரம் போனால், உடனே எல்லாவற்றையும் கேஸ் அடுப்புக்கு மாற்றி வேகவைத்து முடியுங்கள். திருகு பொத்தான் குக்கர் மின்சாரம் திரும்பியதும் ஒன்றும் நடக்காதது போல் மீண்டும் இயங்கத் தொடங்கிவிடும். ஆகவே வெளியே போய் வந்தபோது வீட்டு மின்கடிகாரம் சிமிட்டிக்கொண்டிருந்து, எவ்வளவு நேரம் தடைபட்டது என்று தெரியாவிட்டால், பார்க்க நன்றாக இருந்தாலும் அந்த உணவைக் கொட்டிவிடுங்கள்.

பரிமாற ரொட்டி பெங்காலி மிகப் பொருத்தம். கெட்டியான துண்டு குழம்பை உறிஞ்சியும் உடையாது. சோற்றுக்கு என்றால் சற்றுத் தளர்வாகவே இறக்குங்கள். மிஞ்சியது குளிர்பதனப் பெட்டியில் மூன்று நாள் தாங்கும். உறையவைத்துச் சேமிக்க நினைத்தால் உருளைக்கிழங்கைப் பொறுக்கி எடுத்துவிடுங்கள். உறைந்து உருகும்போது அது மணல் மணலாகிவிடும்.