‘நிதானம்’ வேறு, ‘மந்தம்’ வேறு

கேள்வி: நான் எழுதிய திரைப்பட விமர்சனம் ஒரு மாத இதழில் வந்தது. அதே படத்துக்கு இன்னொரு சிற்றிதழும் விமர்சனம் கேட்கிறது. பத்திகளின் வரிசையை அப்படியே வைத்துக்கொண்டு, ஒத்த பொருள் தரும் சொற்களைப் போட்டு மாற்றித் தரலாமா? பிறர் எழுதிய விமர்சனத்தையும் இப்படி மாற்றிக்கொள்ளலாமா?

பதில்: உங்கள் சொந்த எழுத்தை மாற்றித் தரலாம். ஆனால் சொல்லுக்குச் சொல் மாற்றினால் உங்கள் மதிப்பீடே தலைகீழாகிவிடும். விமர்சனத்தில் ஒவ்வொரு அடைமொழியும் படத்துக்கு நீங்கள் இடும் எடை. அகராதி ஒரே வரிசையில் வைக்கும் சொற்களுக்குள் ஒன்று பாராட்டாகவும் மற்றொன்று குறையாகவும் இருக்கும்.

ஒரு மாதிரிப் பத்தி: “முதல் பாதி நிதானமாக நகர்கிறது. நாயகியின் பாத்திரம் அழுத்தமாக எழுதப்பட்டிருக்கிறது. அவருடைய இயல்பான நடிப்பு அதைத் தாங்குகிறது. ஆனால் இடைவேளைக்குப் பிறகு திரைக்கதை தளர்ந்துவிடுகிறது.”

அகராதியைப் பார்த்து மாற்றினால் இப்படி வரும்: “முதல் பகுதி மந்தமாக நகர்கிறது. நாயகியின் கலம் இறுக்கமாக எழுதப்பட்டிருக்கிறது. அவருடைய சாதாரண நடிப்பு அதைச் சுமக்கிறது. எனினும் இடைவேளைக்குப் பின் கதை சோர்ந்துவிடுகிறது.”

என்ன நடந்தது பாருங்கள். நிதானம் இயக்குநரின் தேர்வு. மந்தம் அவருடைய தோல்வி. ‘இயல்பான நடிப்பு’ பெரும் பாராட்டு. ‘சாதாரண நடிப்பு’ என்றால் நடிகை வருந்துவார், வருந்துவது நியாயமும்கூட. பாத்திரம் கலமாகி அடுப்பங்கரைக்கே போய்விட்டது. திரைக்கதையும் கதையும் ஒன்றல்ல. நல்ல கதை திரைக்கதையில் கெடுவதை எத்தனையோ படங்களில் பார்த்திருக்கிறோம். திரைக்கதை, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, பின்னணி இசை ஆகியவை தொழிற்சொற்கள். அவை இரண்டு விமர்சனங்களிலும் அப்படியே இருக்கட்டும்; யாரும் குறை சொல்லமாட்டார்கள்.

சொல்லை விட்டுவிட்டு வாக்கியத்தைப் பிடியுங்கள். மூலப் பத்தியை மூடி வைத்துவிட்டு, அந்த இடத்தில் திரையில் என்ன கண்டீர்கள் என்று நினைவுபடுத்தி எழுதுங்கள்: “இடைவேளை வரை படத்துக்கு எந்த அவசரமும் இல்லை. நாயகியை ஆழமாக வடித்திருக்கிறார்கள். நடிக்கிறார் என்றே தோன்றாதபடி அவர் அந்தப் பெண்ணாகவே வாழ்கிறார். பிற்பாதியிலோ, காட்சிகளைக் கோத்த திரைக்கதை தொய்ந்துபோகிறது.” முதலில் பாராட்டுகள், பிறகு குறை என்ற வரிசை மாறவில்லை. ‘ஆனால்’ செய்த வேலையை ‘பிற்பாதியிலோ’ என்பதன் ஓகாரம் செய்துவிட்டது. இந்தத் திருப்பத்தை மட்டும் எப்பாடுபட்டாவது காப்பாற்றுங்கள். அது விழுந்தால் குறையும் பாராட்டைப் போலவே வாசிக்கப்படும்.

சொல் மாறும்போது தமிழில் அக்கம்பக்கமும் மாறும். ‘அந்தப் படம்’ என்பதில் ‘படம்’ போய்த் ‘திரைப்படம்’ வந்தால் ‘அந்தத் திரைப்படம்’ ஆக வேண்டும். ‘அந்தப் திரைப்படம்’ என்று நிற்கும் ஒற்றைப் பார்த்த உடனே, இது இயந்திரத்தனமாக மாற்றிய பிரதி என்று மெய்ப்புத் திருத்துபவர் கண்டுபிடித்துவிடுவார். ‘ரசிகர்கள் கைதட்டினார்கள்’ என்பதில் ரசிகர்களுக்குப் பதில் கூட்டம் வந்தால், ‘கூட்டம் கைதட்டியது’ என்று வினைமுற்றும் மாற வேண்டும்.

இனி உரிமை. நீங்கள் அந்த இதழின் ஊழியர் அல்லாமல் வெளியிலிருந்து எழுதியவர் என்றால், எழுத்து மூலம் உரிமையை மாற்றிக் கொடுக்காதவரை பதிப்புரிமை உங்களுடையதே. சம்பளம் பெறும் ஊழியராக எழுதியிருந்தால், வேறு ஒப்பந்தம் இல்லாதபோது, இதழ்களில் வெளியிடும் உரிமை நிறுவனத்துக்குப் போகும் என்கிறது 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம். அப்போது சொற்களை மாற்றுவது உங்களைக் காப்பாற்றாது. முதல் இதழிடம் அனுமதி கேளுங்கள்.

பிறருடைய விமர்சனத்தை இப்படி மாற்றாதீர்கள். கருத்துக்குப் பதிப்புரிமை இல்லை, அதை வெளிப்படுத்திய விதத்துக்கே உண்டு என்று 1978இல் நாடகாசிரியர் ஆர்.ஜி. ஆனந்த் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. அங்கங்கே சில மாற்றங்கள் செய்த நகலும் மீறலே என்பதும் அதே தீர்ப்பில் இருக்கிறது. சட்டத்தைத் தள்ளி வைத்தாலும், எதை முதலில் சொல்வது, எதைப் பாராட்டிய பிறகு குறைகாண்பது என்ற வரிசை இன்னொருவர் படத்தோடு உட்கார்ந்து யோசித்த உழைப்பு. அவருடைய ஒரு வரி உங்களுக்குத் தேவை என்றால், பெயரைச் சொல்லி மேற்கோளிட்டு, அதற்கு உங்கள் மறுமொழியையும் எழுதுங்கள். விமர்சனத்துக்காக நியாயமான அளவில் எடுத்தாள்வதைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு அனுமதிக்கிறது.

சிற்றிதழ் ஆசிரியருக்கு அனுப்பும்போது, இதன் முந்தைய வடிவம் எந்த இதழில், எந்த மாதம் வந்தது என்பதைக் கடிதத்தின் முதல் வரியிலேயே எழுதிவிடுங்கள்.