3 நியூட்டன் மீட்டர் மோட்டார் வேணுமா?

கேள்வி: சின்னதா ஒரு சிஎன்சி ரூட்டர் (கம்ப்யூட்டர் சொல்றபடி வெட்டுற மெஷின்) நானே பண்றேன். நகர்ற டேபிள் 20 கிலோ, அதை நகர்த்துற பால் ஸ்க்ரூ (குண்டு வச்ச திருகு தண்டு) 1 மீட்டர் நீளம், பிட்ச், அதாவது ஒரு சுத்துக்கு டேபிள் நகர்ற தூரம், 5 எம்எம். நிமிஷத்துக்கு 6 மீட்டர் ஓடினா போதும். விக்கிறவர் 3 நியூட்டன் மீட்டர் ஸ்டெப்பர் (படிப்படியா சுத்துற மோட்டார்) எடுங்க, ஸ்க்ரூவும் 16 எம்எம் வேணாம் 20 போடுங்க, எதுக்கும் ஸ்ட்ராங்கா இருக்கட்டும்ங்கிறார். அவர் பேச்சை கேக்கலாமா?

பதில்: அவசரப்படாதீங்க, முதல்ல ஒரு கணக்கு போட்டு பாருங்க. டேபிள் நேரா ஓடுது, மோட்டார் சுத்துது, ரெண்டையும் ஒரே பக்கம் கொண்டு வந்தாதான் எதுவும் புரியும். நேரா ஓடுறதுக்கு எடை எப்படியோ சுத்துறதுக்கு இனர்ஷியா அப்படி, விசைக்கு பதிலா டார்க் (சுத்த வைக்கிற பலம், நியூட்டன் மீட்டர்ல சொல்றது), அவ்ளோதான். பிட்சை 2π-ஆல வகுத்து, வந்ததை ஸ்கொயர் பண்ணி, 20 கிலோவால பெருக்கினா சுமார் 127 கிராம் சென்டிமீட்டர் ஸ்கொயர் வரும். உங்க டேபிள் மோட்டாருக்கு அவ்ளோ கனமாதான் தெரியும்.

இப்ப ஸ்க்ரூவுக்கு வாங்க. 16 எம்எம் ஸ்டீல் ராடுன்னு வச்சா 1.6 கிலோ கிட்ட, அதுல பாதியை ஆரத்தோட ஸ்கொயரால பெருக்கினா அதே அளவுல 505. டேபிளை விட நாலு மடங்கு! நான் முதல் தடவை இதை போட்டப்ப எங்கயோ புள்ளி தள்ளி வச்சிட்டேன்னு நினைச்சு திரும்ப போட்டேன், அதேதான் வந்துச்சு. விட்டம் நாலாவது அடுக்குல ஏறும், அதனால 20 எம்எம் போட்டா 505 போய் 1230 ஆயிடும், ஸ்ட்ராங்கா இருக்கட்டும்னு வாங்கினது மோட்டார் தலைல சுமையா உக்காரும். நீளமான ஸ்க்ரூ வேகமா சுத்துறப்ப நடுவுல துடிக்கும், அப்ப தடிமன் தேவைதான், ஆனா உங்க நீளத்துக்கும் வேகத்துக்கும் ரெண்டு முனைலயும் ஒழுங்கா பேரிங் இருந்தா 16 போதும்.

மோட்டாரோட ரோட்டாருக்கு (உள்ள சுத்துற பாகம்) ஒரு 300 சேத்துக்கங்க, மொத்தம் 930 சொச்சம். 6 மீட்டர்னா 1200 ஆர்பிஎம் (நிமிஷத்துக்கு 1200 சுத்து), அதை 0.1 செகண்ட்ல எட்ட 0.12 நியூட்டன் மீட்டர் வேணும். வெட்டுற விசை 100 நியூட்டன், உரசல் ஒரு 10, அதுக்கு இன்னொரு 0.1. ஆக 0.22, பயத்துக்கு டபுள் பண்ணா 0.45.

அப்ப 3 எதுக்கு? அவர் சொல்ற 3 ஹோல்டிங் டார்க், அதாவது நிக்கிறப்ப பிடிச்சு வைக்கிற பலம். ஸ்டெப்பர்ல வேகம் ஏற ஏற டார்க் இறங்கும், வோல்டேஜ் கம்மியான டிரைவர்ல (மோட்டாரை ஓட்டுற சர்க்யூட்) பெரிய மோட்டார் 1200 ஆர்பிஎம்ல சின்ன மோட்டாரை விட மோசமா கூட போகலாம். அதனால டார்க்-ஸ்பீடு கிராஃப் கேளுங்க, அது எந்த வோல்டேஜ்ல எடுத்ததுன்னும் கேளுங்க, உங்க சப்ளையும் அதேதானான்னு பாருங்க. 1200ல 0.45 தாண்டி நிக்குற மோட்டார் எதுவா இருந்தாலும் எடுக்கலாம். கிராஃப் இல்லைன்னா நான் வாங்க மாட்டேன்.

கேள்வி: இதே செட்டப்பை செங்குத்தா நிறுத்தி 20 கிலோவை மேல கீழ ஓட்டலாமா?

பதில்: ஓட்டலாம், ஆனா இப்ப புவியீர்ப்பு 196 நியூட்டன் எப்பவும் கீழ இழுத்துட்டே இருக்கும், தூக்கவே 0.17 நியூட்டன் மீட்டர் கூடுதலா வேணும். அதை விட பெரிய தலைவலி கரண்ட் போறப்பதான். பால் ஸ்க்ரூல உரசல் கம்மி, அது பலமும் அதான் இங்க பலவீனமும் அதான், மோட்டார்ல பவர் நின்னதும் டேபிள் ஸ்க்ரூவை தானே சுத்திக்கிட்டு சர்ருன்னு கீழ இறங்கிடும். பிரேக் வச்ச மோட்டாரா கேட்டு வாங்குங்க, பவர் இல்லாதப்ப பூட்டிக்கிற மாடல்தானான்னு ஒரு தடவை உறுதி பண்ணிக்கங்க. அது மாட்டுற வரைக்கும் டேபிளுக்கு அடியில கை வைக்காதீங்க.