தொகுதிக் கோடும் கட்சிப் பகையும்

கேள்வி: வட கரோலினாவில் இருக்கிறேன். குடியுரிமை கிடைத்து இப்போதுதான் ஓட்டுப் போடத் தொடங்கினேன். அதற்குள் தொகுதி எல்லையை மாற்றிவிட்டார்கள். இரண்டு கட்சிகளும் இப்படி முட்டிக்கொள்வதற்கு இந்தக் கோடு போடும் வேலைதான் காரணமா? இனி என் ஓட்டுக்கு மதிப்பு உண்டா?

பதில்: பகைக்கு முழுக் காரணம் அதுவல்ல. ஆனால் கோட்டை மாற்றினால் இடங்கள் கைமாறும் என்பது நிஜம். 2022-இல் நீதிமன்றம் தந்த வரைபடத்தில் அமெரிக்க நாடாளுமன்றத்தின் பிரதிநிதிகள் சபைக்கு இரு கட்சிக்கும் ஏழேழு இடங்கள். மறு ஆண்டே மாநிலச் சட்டமன்றம் வேறு வரைபடம் போட்டது. 2024-இல் குடியரசுக் கட்சிக்கு 10, ஜனநாயகக் கட்சிக்கு 4. மக்கள் ஒரேயடியாகச் சாய்ந்துவிடவில்லை. அதே நாளில் டிரம்ப்பையும் ஜெயிக்க வைத்தார்கள், ஜனநாயகக் கட்சியின் ஜோஷ் ஸ்டைனை ஆளுநராகவும் தேர்ந்தெடுத்தார்கள்.

வித்தை பழையதுதான்: எதிரணி ஓட்டை ஒரே தொகுதியில் குவித்து வீணாக்குவது, இல்லையென்றால் கூறு போட்டுக் கரைப்பது. கறுப்பின மாணவர்கள் நிறையப் படிக்கும் கிரீன்ஸ்போரோ ஏ அண்ட் டி பல்கலைக்கழக வளாகத்தையே 2016 வரைபடம் இரண்டாகக் கிழித்தது. வளாகத்துக்குள் ஒரு தெருவைத் தாண்டினால் வேறு தொகுதி.

சரி, பகை? நாடாளுமன்றத்தின் இன்னொரு அவையான செனட்டைப் பாருங்கள். அதற்கு மாநிலம் முழுவதும் ஒரே தொகுதி. மாநில எல்லையை யாரும் அழித்து எழுதுவதில்லை. அங்கும் அதே பிளவு. நகரங்களில் ஒரு கட்சிக்காரர்கள், கிராமப்புறங்களில் மறு கட்சிக்காரர்கள் என்று ஜனங்களே பிரிந்து வாழ்கிறார்கள். நேர்மையாக வரைந்தாலும் பல தொகுதிகள் ஒருபக்கமாகத்தான் இருக்கும். சாமர்த்தியமாக வரைந்த கோடு அந்த எண்ணிக்கையை இன்னும் கூட்டுகிறது. அப்படிப்பட்ட தொகுதியில் நவம்பர் தேர்தல் சடங்கு. உறுப்பினர் பயப்படுவது எதிர்க்கட்சிக்கு அல்ல, பிரைமரியில், அதாவது கட்சி வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் முன்தேர்தலில், தன்னைவிடத் தீவிரமாகப் பேசும் சொந்தக் கட்சிக்காரருக்கு.

ஆகவே பிரைமரியை விடாதீர்கள். உங்கள் மாநிலத்தில் எந்தக் கட்சியும் சாராமல் பதிவு செய்தவர், ஏதாவது ஒரு கட்சியின் வாக்குச்சீட்டைக் கேட்டு வாங்கிப் போடலாம். அதற்கு வருவோர் குறைவு. உங்கள் ஒரு ஓட்டு கனக்கும்.

அப்புறம், பலரும் பார்க்காமல் விடுவது நீதிபதி தேர்தல். கட்சி லாபத்துக்காகக் கோடு போடும் வழக்குகளில் கூட்டாட்சி நீதிமன்றங்கள் தலையிடாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 2019-இல் கைகழுவிவிட்டது. மிச்சமிருந்தது மாநில உச்ச நீதிமன்றம். அதுவும் 2022-இல் தலையிட்டு, நீதிபதிகள் மாறியபின் 2023-இல் ஒதுங்கிக்கொண்டது. ஆகவே அங்கே யார் உட்காருகிறார்கள் என்பதுதான் முக்கியம். அதன் நீதிபதிகளை மாநிலம் முழுவதும் சேர்ந்து தேர்ந்தெடுப்பதால் அங்கே எந்தக் கோடும் செல்லாது. 2024-இல் அப்படி ஒரு இடத்துக்கு ஐம்பது லட்சத்துக்கும் மேல் ஓட்டு விழுந்தது, வித்தியாசம் 734.