சோலைக்கிளி கிளி இல்லீங்க – கடிதமும் பதிலும்

வணக்கம் சார்,

நீலகிரி சோலைக்கிளி பத்தி தமிழ் விக்கிப்பீடியாவுக்கு ஒரு கட்டுரை எழுதி இதோட அனுப்பிருக்கேன். ரெண்டு மாசம் உக்காந்தேன். 38 மேற்கோள், மேப், போட்டோ எல்லாம் இருக்கு. சிறப்புக் கட்டுரை தரத்துக்கு வருமான்னு பாத்து சொல்லுங்க சார். ஒளிவுமறைவு வேண்டாம்.

எம்.

அன்புள்ள எம்.,

ஒளிவுமறைவு வேண்டாம்னு நீங்களே சொல்லிட்டீங்க, அப்புறம் கோச்சுக்கக்கூடாது.

உழைப்பு தெரியுது. ஆனா 38 மேற்கோள்ங்கறத நான் எண்ணவே இல்ல, மலைப்பறவை கட்டுரைன்னா முதல்ல எந்த மலைன்னுதான் தேடுவேன். உங்க மேப்ல நீலகிரில ஆரம்பிச்சு கொடைக்கானல், மூணாறு வரைக்கும் ஒரே பச்சையா பூசி வெச்சிருக்கீங்க, நடுவுல பாலக்காட்டுக் கணவாய் எங்க போச்சு? ஏறக்குறைய 30 கிலோமீட்டர் அகலத்துக்கு தாழ்வான நிலம், சோலைக்காட்டை (மலை மேல புல்வெளிக்கு நடுவுல திட்டு திட்டா இருக்கற காடு) விட்டு இறங்காத ஒரு குருவிக்கு அது கடல் மாதிரி. கணவாய்க்கு வடக்க இருக்கறது நீலகிரி சோலைக்கிளி, தெக்க பழனி, ஆனைமலைப் பக்கம் இருக்கறது வெள்ளை வயிறுள்ள வேற இனம். அதுக்கும் கீழ செங்கோட்டைக் கணவாய் தாண்டினா அகஸ்தியமலைப் பக்கம் இன்னொண்ணு, அதை 2017லதான் தனி இனம்னு விவரிச்சாங்க. அதே வருஷம்தான் இதுங்களுக்கு ஷோலிகோலான்னு புதுப் பேரினமும் (நெருங்கின இனங்களைச் சேர்த்த குழு) வந்துச்சு, நம்ம ‘சோலை’தான் அதுல இருக்கு, கூட சோலையில வசிக்கறதுன்னு சொல்ல ஒரு லத்தீன் வால். இவ்ளோ நல்ல விஷயம் உங்க கட்டுரையில ஒரு வரி கூட இல்லியே!

தப்பு எங்க நடந்துச்சுன்னு மேற்கோளை தொறந்து பாத்தா தெரியுது. பழைய கையேடுகள்ல நீலகிரியும் பழனியும் ஒரே இனமாத்தான் இருந்துச்சு, நீங்க அதை ஒழுங்காத்தான் எடுத்து எழுதிருக்கீங்க, புத்தகத்துக்குத்தான் வயசாயிடுச்சு. அழியும் ஆபத்துல இருக்கற இனம்னு மேல எழுதிட்டு கீழ ரெண்டு மாநிலத்து மலை பூரா பரவி இருக்குன்னு எழுதினா படிக்கறவன் எதை நம்புவான்?

அப்புறம் இந்த வாக்கியம்: “இப்பறவை 1000 மீட்டருக்கு மேல் பறக்கக்கூடியது.” சிரிச்சுட்டேன், மன்னிச்சுக்கோங்க. அந்த உயரத்துக்கு மேல இருக்கற சோலைகள்ல வாழுதுன்னு இங்கிலீஷ்ல இருந்திருக்கும். பாவம் அது சருகுல தத்தித்தத்தி பூச்சி பொறுக்கற குருவி, பெரும்பாலும் தரையை விட்டு ஏறவே ஏறாது, அதைப் போய் கழுகாக்கிட்டீங்க.

கடைசில பகுப்புல ‘கிளிகள்’னு போட்டிருக்கீங்க. மலையாளத்துல கிளின்னா பொதுவா சின்னப் பறவை, பச்சைக்கிளிதான்னு இல்ல. அந்தப் பேர் அப்படி வந்தது. இதுக்கும் கிளிக்கும் சொந்தமே இல்ல, ஈப்பிடிப்பான் குடும்பம். இந்த மாதிரி குழப்பம் தமிழ்ல படிக்கறவனுக்கு மட்டும்தான் வரும், அதனால கட்டுரையோட முதல் பத்தியிலயே இதை சொல்லிடுங்க, இங்கிலீஷ் கட்டுரையில இதுக்கு அவசியமே இல்ல பாருங்க.

நல்லா இருக்கறதையும் சொல்லணும்ல. சீகை மரமும் தைலமரமும் புல்வெளியை எப்படி முழுங்குச்சு, சோலை எப்படி துண்டு துண்டாச்சுன்னு எழுதின பகுதி பிரமாதம், அதுல கை வைக்காதீங்க. இப்போதைக்கு சிறப்புக் கட்டுரைக்கு அனுப்ப வேண்டாம். முதல்ல அந்த மேப்பை ரெண்டா வெட்டுங்க, பழனி பறவைக்கு தனியா ஒரு கட்டுரை தொடங்குங்க, பாதி மேற்கோள் அங்க போய் உக்காந்துக்கும்.