லோகனா, ஹவ்லெட்டா? லிமிடெட் சீரீஸ் காமிக்ஸ்ல குடும்பப் பேரைத் தேடறது எப்படி

கேள்வி: "அண்ணா, நான் எம்.ஏ. இங்கிலீஷ் ரெண்டாவது வருஷம். அமெரிக்க காமிக்ஸ்ல வர்ற குடும்பப் பேர்களோட பூர்வீகம்னு ப்ராஜெக்ட் தலைப்பு எடுத்திருக்கேன். ஆயிரக்கணக்குல இஷ்யூ படிக்க நேரம் இல்ல, லிமிடெட் சீரீஸ் மட்டும் வச்சுப் பண்ணலாமா, எதை எடுக்கறது? எக்ஸ்-மென் ஹீரோ வுல்வரின் லோகனா ஹவ்லெட்டா, அவங்க எதிரி மேக்னீட்டோ லென்ஷெரா ஐசன்ஹார்ட்டா, ஒவ்வொரு இடத்துல ஒவ்வொண்ணு போட்டிருக்கு. பேருக்கு அர்த்தம் எங்க பாக்கறது?"

தாராளமா பண்ணலாம் தம்பி. இந்தத் தலைப்புக்கு லிமிடெட் சீரீஸ்தான் சரியான சரக்குன்னே சொல்லுவேன். மாசாமாசம் ஓடிக்கிட்டே இருக்கற சீரீஸ்ல ஒரு எழுத்தாளர் வச்ச பேரை பத்து வருஷம் கழிச்சு வர்ற இன்னொருத்தர் மாத்திட்டுப் போயிடுவாரு, அதுல எதைப் பிடிச்சுக்கிட்டு எழுதறது. லிமிடெட்ல நாலு, அஞ்சு, ஆறு, மிஞ்சிப்போனா 12 இஷ்யூ, பெரும்பாலும் ஒரே டீம், ஆரம்பமும் முடிவும் கைக்குள்ள இருக்கும். டிசி கம்பெனி 1979-ல 'வேர்ல்ட் ஆஃப் கிரிப்டான்'னு 3 இஷ்யூ போட்டதைத்தான் இந்த வகைக்கு ஆரம்பம்னு பொதுவா சொல்லுவாங்க, அப்புறம் 1982-ல போட்டிக் கம்பெனி மார்வெலும் இறங்கிடுச்சு.

ஆனா படிக்க உக்காரறதுக்கு முன்னாடி ஒண்ணை மனசுல வாங்கிக்கோங்க. ஒரு பேரைப் பத்தி மூணு கேள்வி இருக்கு, மூணும் வேற வேற. நிஜ உலகத்துல அந்தப் பேர் எந்த மொழியில எப்படி உண்டாச்சுங்கறது ஒண்ணு. கதைக்குள்ள அந்த ஆளுக்கு அது எப்படி ஒட்டிக்கிச்சு, பிறப்பாலயா, தத்துப் போனதாலயா, பொய்க் காகிதத்தாலயாங்கறது இன்னொண்ணு. எந்த வருஷம் எந்த இஷ்யூல யாரு அதை எழுதி வச்சாங்கங்கறது மூணாவது. நீங்க பாத்த இடத்துல எல்லாம் குழப்பமா இருந்ததுக்குக் காரணமே இந்த மூணையும் ஒரே பாராவுல கலக்கி வச்சதுதான். இன்னொண்ணும் இருக்கு, நம்ம ஊர் இனிஷியல் பழக்கத்துல குடும்பப் பேரைப் பாத்ததும் அப்பாவோட பேர்னு கை தானா எழுதிடும், கவனமா இருங்க, அங்க அது தலைமுறை தலைமுறையா மாறாம வர்ற பேர்.

வுல்வரின்ல இருந்தே ஆரம்பிங்க. ஆளு முதல்ல தலைகாட்டினது 1974-ல ஹல்க் காமிக்ஸ்ல, அப்போ வுல்வரின்ங்கறதைத் தவிர வேற பேரே கிடையாது. 1977-ல எக்ஸ்-மென் 103-வது இஷ்யூல அயர்லாந்துல ஒரு பழைய கோட்டைக்குள்ள, ஐரிஷ் நாட்டுப்புறக் கதையில வர்ற லெப்ரகான் குள்ளன் ஒருத்தன் இவரை 'மிஸ்டர் லோகன்'னு கூப்பிடறான். அந்தப் பேர் முதல்ல வர்ற இடம் அதுதான். அதுக்கப்புறம் எத்தனையோ வருஷம் லோகன்ங்கறது முதல் பேரா குடும்பப் பேரான்னுகூட வாசகர்களுக்குத் தெரியாது. 1982-ல 4 இஷ்யூ லிமிடெட் சீரீஸ் வருது, கிறிஸ் கிளேர்மாண்ட் எழுத்து, ஃபிராங்க் மில்லர் படம், ஜப்பான்ல நடக்கற கதை. இவர் காதலிக்கற மாரிகோ யஷிதா குலமரியாதைக்குக் கட்டுப்பட்ட பொண்ணு, அவங்க அப்பா பரம்பரைப் பெருமைன்னா எதுவும் செய்யக்கூடிய ஆளு, எதிர்ல நிக்கற இவருக்கு முன்னும் இல்ல பின்னும் இல்ல, ஒத்தைப் பேர். அந்த முரண்பாட்டை வச்சே உங்களுக்கு ஒரு முழு அத்தியாயம் தேறும்.

பதில் வந்தது 2001-02ல, 'ஆரிஜின்'ங்கற 6 இஷ்யூ சீரீஸ்ல. பால் ஜென்கின்ஸ் எழுத்து, ஆண்டி கூபர்ட் படம், ரிச்சர்ட் இசனோவ் வண்ணம். 2000-ல எக்ஸ்-மென் படம் நல்லா ஓடினதும், நாம சொல்லாட்டி இவரோட பூர்வீகத்தை சினிமாக்காரங்களே சொல்லிடுவாங்கன்னு மார்வெல்காரங்க முந்திக்கிட்டாங்க, இதை உங்க மூணாவது கேள்விக்குக் கீழ எழுதிக்கோங்க. கதை பத்தொன்பதாம் நூற்றாண்டு கனடா, ஆல்பர்ட்டா. பெரிய பண்ணை வீடு, முதலாளி ஜான் ஹவ்லெட், அவர் பையன் ஜேம்ஸ், நோஞ்சான் புள்ள. அதே பண்ணையில தோட்டவேலை பாக்கறவர் தாமஸ் லோகன், குடிகாரர், முரடர். ஒரு ராத்திரி தாமஸ் ஜானைச் சுட்டுடறான், கண்ணு முன்னாடி அப்பா விழறதைப் பாத்த பையன் கையில இருந்து முதல் தடவையா நகம் வெளிய வருது, தாமஸ் சாகறான். ஜேம்ஸும் ரோஸ்ங்கற பொண்ணும் ஓடிப்போய் பிரிட்டிஷ் கொலம்பியாவுல ஒரு கல்குவாரி கேம்ப்ல போய் நிக்கறாங்க, அங்க பேர் கேக்கறாங்க, ரோஸ் சட்டுன்னு சொல்ற பேர் 'லோகன்'.

அந்த இடத்தை நிதானமா படிங்க. தன் அப்பாவைக் கொன்னவனோட குடும்பப் பேரைத்தான் இந்தப் பையன் அதுக்கப்புறம் ஆயுசுக்கும் சுமக்கறான், அதுவும் அவன் வச்சுக்கிட்டது இல்ல, பயத்துல இன்னொருத்தி வாயில வந்தது. இதோட முடியல. தாமஸ் லோகனோட முகத்தை கூபர்ட் எப்படி வரைஞ்சிருக்காருன்னு பாருங்க, கிருதாவும் முடியும் தாடையும் பெரியவனான வுல்வரினை உரிச்சு வச்ச மாதிரி இருக்கும். அப்போ உண்மையான அப்பா யாருன்னு வசனமே இல்லாம படம் கேக்குது. பொய்யா சொன்ன பேர் ரத்தத்தால உண்மையாவும், பிறப்புல எழுதின பேர் சட்டத்தால மட்டும் உண்மையாவும் இருக்கலாம். அதனால "லோகனா ஹவ்லெட்டா"ன்னு ஒத்தை வரி பதில் எழுதாதீங்க. பிறப்புப் பேர் ஜேம்ஸ் ஹவ்லெட், ஒளிஞ்சுக்க எடுத்த பேர் லோகன், அந்த லோகனுக்குக் கீழ ஒரு சந்தேகம் இருக்குன்னு மூணையும் எழுதுங்க.

சொல் வரலாறு சுருக்கமா. ஹவ்லெட் இங்கிலாந்துப் பேர், ஹ்யூங்கற ஆண் பேரோட செல்ல வடிவத்துல இருந்து வந்ததுன்னு அகராதிகள் சொல்லுது, ஆந்தைக்குஞ்சைக் குறிக்கற பழைய ஆங்கிலச் சொல்லோடயும் சில பேர் சேத்துப் பாப்பாங்க. லோகன் ஸ்காட்லாந்துல ஊர்ப் பேர்ல இருந்து வந்தது, கேலிக் மொழியில சின்னப் பள்ளம்னு அர்த்தம். உடனே மேட்டுல முதலாளி பள்ளத்துல வேலைக்காரன்னு எழுதத் தோணும், வேண்டாம். லோகன்ங்கற பேர் 1977-லயே வந்தாச்சு, அப்போ தாமஸும் இல்ல பண்ணையும் இல்ல. எழுத்தாளர் நினைச்சே வச்சாருன்னு சொல்ல அவரோட பேட்டியோ குறிப்போ கையில இருக்கணும், அகராதி அர்த்தம் அதுக்கு ஆதாரம் ஆகாது.

மேக்னீட்டோ விஷயம் இன்னும் கனமானது. 1990-கள்ல காமிக்ஸ்ல எரிக் மேக்னஸ் லென்ஷெர்ங்கற பேர் வந்துச்சு, சில வருஷத்துலயே அது போலிக் காகிதத்துக்காக உருவாக்கின பேர்னும் காமிக்ஸே சொல்லிடுச்சு. ஆனா சினிமா லென்ஷெரையே அசல் பேரா எடுத்துக்கிச்சு, நீங்க ரெண்டு பேரைப் பாத்ததுக்குக் காரணம் அதுதான். 2008-09ல வந்த 'மேக்னீட்டோ: டெஸ்டமென்ட்', 5 இஷ்யூ, கிரெக் பாக் எழுத்து, கார்மைன் டி ஜியாண்டொமெனிகோ படம், இதுல பிறப்புப் பேர் மேக்ஸ் ஐசன்ஹார்ட். ஜெர்மன்ல லென்ஷெர்னா நிலத்தை மானியமா கொடுத்து சேவகம் வாங்கற பிரபு. ஐசன்ஹார்ட் நிஜமாவே இருக்கற குடும்பப் பேர், இரும்பு, உறுதிங்கற ரெண்டு பழைய ஜெர்மானியச் சொல் சேந்தது. உலோகத்தை ஆட்டிவைக்கற ஆளுக்கு இரும்புப் பேருன்னா பொருத்தம் பளிச்சுன்னு தெரியுதுதான், ஒரு வரி எழுதிட்டு நகந்துடுங்க, ஏன்னா அந்த சீரீஸோட உயிர் அங்க இல்ல.

அந்தக் கதை 1935 ஜெர்மனியில ஒரு யூதப் பையனோட பள்ளிக்கூடத்துல ஆரம்பிச்சு வார்சாவுல யூதர்களை அடைச்சு வச்ச கெட்டோ வழியா ஆஷ்விட்ஸ் வதைமுகாம் வரைக்கும் போகுது, சூப்பர்ஹீரோ சாகசம் கிட்டத்தட்ட கிடையாது. இங்க குடும்பப் பேரோட வரலாறு அரசாங்கத்தோட வரலாறு. அப்பா பேரை ஒட்டிச் சொல்ற வழக்கத்துல இருந்த யூதர்கள் நிலையான குடும்பப் பேர் வச்சுக்கணும்னு ஆஸ்திரியா 1787-ல உத்தரவு போட்டுச்சு, பிரஷ்யா 1812-ல போட்டுச்சு. அதே ஜெர்மன் பேசற நாட்டுல 1938 ஆகஸ்ட்ல நாஜி அரசு இன்னொரு உத்தரவு போடுது, தங்க பட்டியல்ல இல்லாத பேர் வச்சிருக்கற யூத ஆம்பளைங்க எல்லாம் இஸ்ரேல்னும் பொம்பளைங்க சாரான்னும் கூடுதலா ஒரு பேர் சேத்துக்கணும், 1939 ஜனவரி 1-ல இருந்து அமல். அப்புறம் ஆஷ்விட்ஸ்ல பேரே போய் கையில பச்சை குத்தின நம்பர் வருது. பேர் கொடுத்து, பேரைத் திரிச்சு, கடைசியில பேரையே பிடுங்கினது, இந்த வரிசையைப் பக்கத்துல வச்சுக்கிட்டு அஞ்சு இஷ்யூவையும் படிச்சீங்கன்னா ஐசன்ஹார்ட்ங்கற பேரைக் கதை ஏன் திருப்பிக் கொடுக்குதுன்னு உங்களுக்கே புரியும். கடைசி இஷ்யூல ஆஷ்விட்ஸ்ல இருந்து உயிர் தப்பின ஓவியர் டீனா பாபிட் பத்தி ஒரு குட்டி நிஜக் கதையும் இருக்கு, விட்டுடாதீங்க.

மூணாவதா 'வாட்ச்மென்', 12 இஷ்யூ, 1986-87, ஆலன் மூர், டேவ் கிப்பன்ஸ். இதுல முகமூடி ஹீரோயினா இருந்த லாரியோட பேரை மட்டும் நூல் பிடிச்சுப் போனாலே போதும். அவங்க அம்மா சாலி, போலந்து வம்சம், குடும்பப் பேர் ஜுஸ்பெச்சிக். அது வெளிய தெரியக்கூடாதுன்னு சாலி ஜூபிட்டர்னு மாத்திக்கிட்டவங்க. பொண்ணு அந்த மினுக்குப் பேர் வேண்டாம்னு ஜுஸ்பெச்சிக்கையே வச்சுக்கறா. அம்மா கல்யாணம் பண்ணிக்கிட்டவரோட பேரும் அவகிட்ட இல்ல, பெத்த அப்பா எட்வர்ட் பிளேக்னு பின்னாடி தெரியவருது, அவர் பேரும் இல்ல. முடிவுல தலைமறைவா இருக்கும்போது அவளும் காதலன் டேனும் எடுத்துக்கற குடும்பப் பேர் ஹாலிஸ், கொலையான நண்பர் ஹாலிஸ் மேசனோட முதல் பேர் அது. ஒரு முதல் பேர் அன்பால குடும்பப் பேரா மாறற இடம், நிஜ உலகத்துலயும் எத்தனையோ குடும்பப் பேர் இப்படி ஒரு ஆளோட பேர்ல இருந்து கிளம்பினதுதான்.

அதே வாட்ச்மென்ல வர்ற முகமூடி ஹீரோ ரோர்ஷாக்கோட அசல் பேர் வால்டர் கோவாக்ஸ். ஹங்கேரியில கோவாச்னா கொல்லர், ரொம்ப சகஜமான பேர், ஸ்லாவிக் மொழியில இருந்து அங்க போன சொல். 6-வது இஷ்யூ கடைசியில இவரோட போலீஸ் ஃபைல், சின்ன வயசு ரிப்போர்ட், பள்ளிக்கூடக் கட்டுரை எல்லாம் வச்சிருப்பாங்க, அப்பா யாருன்னே தெரியாத பையன்னு அதுல புரியும். ஆக கோவாக்ஸ்ங்கறது அம்மாகிட்ட இருந்து வந்த பேர், அதை மட்டும் வச்சு இவரோட வம்சம் ஹங்கேரின்னு எழுதிடாதீங்க.

இங்கயே ஒரு பொதுவான தப்பையும் சொல்லிடறேன். நியூயார்க் எல்லிஸ் தீவுல அதிகாரிங்க குடியேறினவங்க பேரை இஷ்டத்துக்கு மாத்திட்டாங்கன்னு எல்லா இடத்துலயும் எழுதியிருப்பாங்க, அப்படி இல்ல, அவங்க கப்பல் கம்பெனி கொண்டுவந்த பயணிகள் பட்டியலை வச்சு சரிபார்த்தவங்கதான். பெரும்பாலும் ஜனங்க தாங்களாதான் பின்னாடி மாத்திக்கிட்டாங்க, வேலைக்காக, பாகுபாட்டுக்குப் பயந்து. காமிக்ஸ் துறையோட பெரிய படைப்பாளிகளே இதுக்கு சாட்சி, ஜேக் கிர்பி பிறந்தது ஜேக்கப் கர்ட்ஸ்பெர்க்கா, ஸ்டான் லீ ஸ்டான்லி லீபரா, பாப் கேன் ராபர்ட் கானா. சாலி ஜூபிட்டர் பக்கத்துல இவங்களைக் கொண்டுவந்து வைங்க, உங்க ப்ராஜெக்ட்டுக்கு அது பெரிய பலம்.

நேரம் இருந்தா 1997-98ல வந்த 'தி கென்ட்ஸ்', 12 இஷ்யூ, சூப்பர்மேனை வளத்த குடும்பத்தோட முன்னோர் அடிமைமுறை சண்டை நடந்த கான்சாஸுக்குக் குடிபோன கதை. கென்ட் இங்கிலாந்துல ஒரு மாவட்டப் பேர். நேரம் இல்லேன்னா விடுங்க, முதல் மூணே போதும்.

பேரோட அர்த்தம் தேட, 'டிக்ஷனரி ஆஃப் அமெரிக்கன் ஃபேமிலி நேம்ஸ்' எடுங்க, பேட்ரிக் ஹேங்க்ஸ் தொகுத்தது, 2003-ல ஆக்ஸ்ஃபோர்ட் வெளியிட்டது, யுனிவர்சிட்டி லைப்ரரில கேட்டுப் பாருங்க. ஹவ்லெட், லோகன் மாதிரி பேருக்கு பிரிட்டன்-அயர்லாந்து குடும்பப் பேர் அகராதி தனியா இருக்கு. குழந்தைக்குப் பேர் வைக்கற வெப்சைட் பக்கம் போகவே போகாதீங்க. ஒரு பேர் அமெரிக்காவுல நிஜமா புழங்குதான்னு பாக்க அவங்க சென்சஸ் துறையோட குடும்பப் பேர் பட்டியல் இலவசமா கிடைக்கும், 2010 பட்டியல்ல 100 பேருக்குக் குறையாம வச்சிருக்கற பேர் எல்லாம் இருக்கு, ஒண்ணரை லட்சத்துக்கும் மேல.

தேதி எழுதும்போது கவனம். அமெரிக்க காமிக்ஸ் அட்டையில போட்டிருக்கற மாசம் வேற, கடைக்கு வந்த மாசம் வேற, பொதுவா அட்டைத் தேதி ரெண்டு மூணு மாசம் தள்ளி இருக்கும். வாட்ச்மென் அட்டைத் தேதிப்படி 1986 செப்டம்பர்ல இருந்து 1987 அக்டோபர், 12 இஷ்யூ 14 மாசத்துல பரவியிருக்கு, ஏன்னா நடுவுல தாமதம் ஆச்சு. எந்தத் தேதி எழுதறீங்கன்னு முதல் பக்கத்துலயே சொல்லிடுங்க, இஷ்யூ வாரியா சரிபார்க்க கிராண்ட் காமிக்ஸ் டேட்டாபேஸ் நம்பகமானது. படிக்க தனித்தனி இஷ்யூ தேடி அலைய வேண்டாம், கலெக்டட் எடிஷனே போதும், வாட்ச்மென்ல அந்த ஃபைல், பேட்டி எல்லாம் புத்தகத்துலயும் இருக்கும். வாசகர் கடிதப் பக்கம் மட்டும் பொதுவா தொகுப்புல வராது, ஒரு பேர் வந்தப்போ வாசகர்கள் எப்படி எடுத்துக்கிட்டாங்கன்னு எழுதறதா இருந்தா அந்த ஒரு இஷ்யூவை மட்டும் பழைய பிரதியா தேடுங்க.

இன்னும் ஒண்ணு, பேரையெல்லாம் அந்தந்த மொழி எழுத்துக்கூட்டல்படியே குறிச்சு வைங்க. ஹங்கேரி கோவாச்ல இருக்கற உச்சரிப்புக் குறி அமெரிக்கா வந்ததும் காணாமப் போச்சு, ஐசன்ஹார்ட்ல ஒரு எழுத்து விட்டீங்கன்னா அகராதியில வேற பதிவுக்குப் போயிடுவீங்க, வைவால முதல்ல கேக்கறதும் அதைத்தான்.