அப்பீல் தள்ளுபடி, கையில் வாரண்ட்: அடுத்து என்ன செய்வது?

கேள்வி: என் கணவர் கூடலூரில் சிறு டீத்தூள் வியாபாரி. செக் பவுன்ஸ் வழக்கில் ஒரு வருடத் தண்டனை. ஊட்டி செஷன்ஸ் கோர்ட்டில் அப்பீல் போட்டு, தண்டனையும் நிறுத்திவைக்கப்பட்டது. மழையில் ரோடு அடைபட்டு இரண்டு வாய்தாவுக்குப் போக முடியவில்லை, வக்கீலும் போகவில்லை. அப்பீல் தள்ளுபடியாகி வாரண்ட் வந்துவிட்டது. இனி வழியே இல்லையா?

பதில்: இருக்கிறது, ஆனால் நாளைக் கடத்தாதீர்கள். முதலில் தள்ளுபடி உத்தரவின் சான்றிட்ட நகலுக்கு மனு போடுங்கள். மற்றதெல்லாம் அதில் என்ன எழுதியிருக்கிறது என்பதைப் பொறுத்தது.

"மேல்முறையீட்டாளர் அழைக்கப்பட்டார், ஆஜராகவில்லை. வழக்கறிஞரும் இல்லை. மேல்முறையீடு தள்ளுபடி." இவ்வளவுதான் இருக்கிறது என்றால் அந்த உத்தரவு சட்டப்படி நிற்காது. சிவில் அப்பீலை ஆஜராகாததற்காகத் தள்ளலாம், கிரிமினல் அப்பீலை அப்படித் தள்ள முடியாது. விசாரணைக்கு ஏற்றுக்கொள்ளப்பட்ட கிரிமினல் அப்பீலில் கீழ்க்கோர்ட் ஆவணங்களைப் படித்துப் பார்த்துத்தான் முடிவெடுக்க வேண்டும். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 386-வது பிரிவு இதைச் சொல்கிறது. அதற்குப் பதிலாக 2024 ஜூலை 1-ல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தில் (BNSS) அது 427-வது பிரிவு. பானி சிங் வழக்கில் 1996-ல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு இதைத் தெளிவாகவே தீர்த்துவைத்தது. ஒருவர் ஜெயிலுக்குப் போவதா வேண்டாமா என்பதை, அவர் அன்று வந்தாரா என்பதை மட்டும் பார்த்து முடிவு செய்வது பெரிய அநியாயம்.

அதே தீர்ப்பில் இன்னொரு பக்கமும் உண்டு. வாய்தா கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டிய கட்டாயம் கோர்ட்டுக்கு இல்லை. யாரும் வராவிட்டாலும் சாட்சியங்களைப் படித்து, காரணம் எழுதித் தீர்ப்புச் சொல்லலாம். உங்கள் உத்தரவு பல பக்கங்களில் செக், நோட்டீஸ், சாட்சி என்று அலசியிருந்தால், "வக்கீல் வரவில்லை" என்ற ஒன்றை மட்டும் வைத்து அதை உடைப்பது கஷ்டம். தீர்ப்பின் உள்ளடக்கத்தில் உள்ள தவறைத்தான் காட்ட வேண்டும்.

உத்தரவு இந்த இரண்டில் எந்த வகையாக இருந்தாலும் போக வேண்டிய இடம் சென்னை உயர் நீதிமன்றம். கீழ்க்கோர்ட் உத்தரவில் தவறு உண்டா என்று பார்க்கச் சொல்லி அங்கே போடும் சீராய்வு (ரிவிஷன்) மனுவுக்கு 90 நாள் கெடு. நகல் வாங்க ஆன நாட்கள் அதில் சேராது. கெடு தாண்டியிருந்தால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர வேண்டும். கூடலூரிலிருந்து ஊட்டி போகும் நடுவட்டம் பாதையில் பஸ் ஓடாத நாட்களின் பத்திரிகைச் செய்தி இருந்தால் வெட்டி வையுங்கள், அங்கே உதவும். ஊட்டி கோர்ட்டிலேயே "திரும்ப எடுத்துக்கொள்ளுங்கள்" என்று மனு போட்டு மாதங்களை வீணாக்க வேண்டாம். முடித்த உத்தரவைத் தானே மாற்ற அந்தக் கோர்ட்டுக்குச் சட்டம் இடம் தரவில்லை.

சீராய்வு மனுவோடு தண்டனையை நிறுத்திவைக்கக் கோரும் மனுவும் போக வேண்டும். அதில் உத்தரவு வரும்வரை வாரண்ட் உயிரோடுதான் இருக்கும். உங்கள் கணவர் சொந்தக்காரர் வீட்டில் ஒளிந்து திரிந்தால் அதுவே அவருக்கு எதிராகப் பேசும். சரண்டர் ஆவதைப் பற்றி வக்கீலிடம் முதல் நாளே பேசிவிடுங்கள்.

அப்புறம், செக் வழக்கை எந்தக் கட்டத்திலும் சமரசம் செய்துகொள்ளலாம். எதிர்த்தரப்பு சம்மதித்தால் உயர் நீதிமன்றத்திலும் முடித்துக்கொள்ளலாம். பணம் புரட்ட முடியுமானால் இதுவே சீக்கிரமான வழி. வக்கீல் வைக்க வசதியில்லை என்றால் ஊட்டியில் உள்ள மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள், அல்லது 15100-க்குக் கூப்பிடுங்கள். வருமானம் குறைந்தவர்களுக்கும் பட்டியலின, பழங்குடி மக்களுக்கும் காவலில் இருப்பவர்களுக்கும் இலவச வக்கீல் கிடைக்கும்.